வெண்கலத்தின் எடை

நான் பள்ளிச் சிறுவனாக இருந்தபோது எங்கள் தெருக்கோடி வீட்டில் ஒரு சுபேதார் தாத்தா இருந்தார். பட்டாளத்தில் இருபத்தெட்டு வருஷம் சேவை செய்து, பென்ஷன் வாங்கிக்கொண்டு ஊரோடு வந்து உட்கார்ந்தவர். சரஸ்வதி பூஜைக்கு முதல் நாள், அவர் வீட்டுப் பாட்டி பித்தளை, வெண்கலச் சாமான்களை எல்லாம் கொல்லையில் பரப்பிக்கொண்டு புளி போட்டுத் தேய்ப்பது வழக்கம். ஒரு வருஷம் குத்துவிளக்கு, தாம்பாளம், பூஜை மணி இவற்றோடு தாத்தாவின் இரண்டு பதக்கங்களும் அந்த வரிசையில் சேர்ந்துவிட்டன!

"பச்சை பூத்துக் கிடந்தது. அதான் ஒரு தேய் தேய்ச்சேன். இதுக்கு என்ன இப்படிக் குதிக்கிறீங்க?" என்றார் பாட்டி.

தாத்தாவுக்கு வந்த கோபத்தைப் பார்க்க வேண்டுமே! பளபளவென்று மின்னிய பதக்கங்களைப் பிடுங்கி வேட்டி முனையில் துடைத்து, பழையபடி ஹார்லிக்ஸ் புட்டியில் போட்டு மூடினார். அன்று முழுவதும் பாட்டியோடு பேசவில்லை. அப்போது எனக்குச் சிரிப்பாக இருந்தது. அவருடைய கோபத்தின் காரணம் புரிய எனக்குப் பல வருஷங்கள் பிடித்தன. அதைக் கடைசியில் சொல்கிறேன்.

முதலில், அந்தச் சாதாரணப் பதக்கங்களைவிட மிக மிகப் பெரிய ஒரு பதக்கத்தைப் பற்றிச் சொல்ல வேண்டும். 'பெரிய' என்றா சொன்னேன்? அளவில் பார்த்தால் அது சின்னதுதான். ஒன்றரை அங்குலத்துக்கும் சற்றுக் குறைவான வட்டம். அதைக் கோத்துத் தொங்கவிட ஒரு சாதாரண ஊதா நாடா. தங்கம் இல்லை, வெள்ளி இல்லை, வெறும் வெண்கலம். பாத்திரக் கடையில் எடைக்குப் போட்டால் அதற்கு ஒரு டபரா கூடக் கிடைக்காது. ஆனால் சுதந்திரம் பெற்ற 1947-ஆம் ஆண்டிலிருந்து 1999-ஆம் ஆண்டுக் கார்கில் யுத்தம் வரையில், இவ்வளவு பெரிய தேசத்தில் அதைப் பெற்றவர்கள் 21 பேர்தான். அதுதான் பரம வீர் சக்கரம்.

வேடிக்கை என்ன தெரியுமா? அதற்கு அடுத்த படியில் உள்ள மகா வீர் சக்கரமும், மூன்றாம் படியில் உள்ள வீர் சக்கரமும் வெள்ளியில் செய்யப்படுகின்றன. எல்லாவற்றுக்கும் மேலானது மட்டும் வெண்கலம்! ஓட்டப் பந்தயத்தில் மூன்றாவதாக வருகிறவருக்குக் கொடுக்கிற உலோகம்.

இந்தப் பதக்கத்துக்குச் சித்திரம் வரைந்தவர் யாராக இருக்கும்? ஒரு ராணுவ ஜெனரலா? சர்க்கார் அச்சகத்துக் கலைஞரா? கைதேர்ந்த பொற்கொல்லரா? இல்லை. அவர் ஒரு குடும்பப் பெண்மணி. அதுவும் ஸ்விட்ஸர்லாந்தில் பிறந்தவர்!

*

ஈவ் இவான் மாடே என்பது அவருக்குப் பெற்றோர் வைத்த பெயர். 1913-ஆம் ஆண்டு ஜூலை 20-ந் தேதி பிறந்தார். தகப்பனார் ஹங்கேரி தேசத்தவர், ஜினீவாவில் பேராசிரியர். தாயார் ரஷ்யப் பெண்மணி. அந்தப் பெண்ணுக்குப் பதினாறு வயது நடக்கும்போது, இங்கிலாந்தில் ஸாண்ட்ஹர்ஸ்ட் ராணுவக் கல்லூரியில் படித்துக்கொண்டிருந்த விக்ரம் கானோல்கர் என்ற மராத்தி வாலிபர் பனிமலை பார்க்க விடுமுறைக்கு வந்தார். மலையைப் பார்த்தாரோ இல்லையோ, பெண்ணைப் பார்த்தார். பெண்ணும் அவரைப் பார்த்தாள். தகப்பனாருக்கு இந்த உறவு பிடிக்கவில்லை. கடல் கடந்து கண்காணாத தேசத்துக்குப் பெண்ணை அனுப்ப எந்தத் தகப்பனாருக்குத்தான் மனம் வரும்? ஆனால் பெண் பிடிவாதக்காரி. சில வருஷங்களில் கப்பலேறி இந்தியாவுக்கே வந்துவிட்டாள். 1932-இல் லக்னோ நகரில் விவாகம் நடந்தது. ஈவ், சாவித்திரி பாய் ஆனார்.

பெயர் மட்டும் மாறவில்லை. புடவை கட்டினார், புலால் உண்பதை விட்டார், மராத்தி, ஹிந்தி, சம்ஸ்கிருதம் கற்றார், உபநிஷதங்களையும் புராணங்களையும் வாசித்தார். கணவர் இந்திய ராணுவத்தில் படிப்படியாக உயர்ந்தார். மனைவி இந்திய மனத்தின் ஆழத்துக்குப் படிப்படியாக இறங்கினார்.

நாடு சுதந்திரம் அடைந்தவுடனேயே காஷ்மீரில் யுத்தம் மூண்டது. நம்முடைய வீரர்களுக்கு நம்முடைய விருது வேண்டும்; பிரிட்டிஷ் மகுடம் பொறித்த சிலுவை இனி உதவாது. அந்தப் பொறுப்பை ஏற்றிருந்த மேஜர் ஜெனரல் ஹீரா லால் அடல், சாவித்திரி பாயிடம் வந்தார். புராண ஞானமும் சித்திரம் எழுதும் கையும் ஒருங்கே அமைந்தவர் அவர் என்பது அடலுக்குத் தெரியும்.

சாவித்திரி பாய் யோசித்தார். வீரத்துக்கு என்ன சின்னம் போடுவது? சிங்கமா, புலியா? அவருக்கு ததீசி முனிவரின் நினைவு வந்தது. விருத்திராசுரனை வதைக்க எந்த ஆயுதமும் பயன்படாமல் தேவர்கள் தவித்தபோது, "என் எலும்பை எடுத்துக்கொள்ளுங்கள்" என்று உயிரையே விட்டவர் ததீசி. அந்த முதுகெலும்பிலிருந்து பிறந்ததுதான் இந்திரனுடைய வஜ்ராயுதம். பதக்கத்தின் நடுவில் அரசாங்கச் சின்னம். சுற்றி நான்கு வஜ்ராயுதங்கள். பின்புறத்தில் இரண்டு தாமரை மலர்கள். இதுதான் அவர் வரைந்தது.

பொருள் விளங்குகிறதல்லவா? பகைவனைக் கொன்றதற்கான பரிசு அல்ல அது. பிறருக்காகத் தன் எலும்பையே எடுத்துக் கொடுத்ததற்கான அடையாளம். மகா வீர் சக்கரம், வீர் சக்கரம், அசோக சக்கரம் ஆகியவற்றையும் சாவித்திரி பாயே வரைந்தார். 1950-ஆம் ஆண்டு ஜனவரி 26-ந் தேதி, நாடு குடியரசு ஆன அன்றே, பரம வீர் சக்கரம் ஏற்படுத்தப்பட்டது. முன்னமே காஷ்மீரில் போரிட்டவர்களும் விட்டுப்போகக் கூடாதே என்று, 1947 ஆகஸ்ட் 15 முதலே அது செல்லும் என அறிவித்தார்கள்.

*

அப்படி முன்தேதியிட்டதால் முதல் பரம வீர் சக்கரத்துக்கு உரியவரானவர் மேஜர் சோம்நாத் சர்மா. வயது 24. ஹாக்கி விளையாட்டில் எலும்பு முறிந்து இடது கையில் மாவுக்கட்டு போட்டிருந்தது. "நீ காஷ்மீருக்கு வரவேண்டாம்" என்றார்கள் மேலதிகாரிகள். "என் கம்பெனி போகிறது, நான் போகாமல் இருப்பதா?" என்று அடம்பிடித்துக் கிளம்பினார்.

1947 நவம்பர் 3-ந் தேதி, ஸ்ரீநகருக்கு அருகே பட்காம் கிராமம். நம்மவர் ஒருவருக்கு எதிரிகள் ஏழு பேர் என்ற கணக்கில் சூழ்ந்துகொண்டார்கள். அந்த இடம் கைவிட்டுப் போனால் ஸ்ரீநகர் விமான நிலையம் போகும். விமான நிலையம் போனால் துருப்புகள் வந்திறங்க வேறு வழியில்லை. மேஜர் சர்மா கட்டுப்போட்ட கையோடு ஒவ்வொரு துப்பாக்கிக்காரனிடமும் ஓடி ஓடித் தோட்டா நிரப்பிக் கொடுத்தார். ஓர் அங்குலம்கூடப் பின்வாங்கப் போவதில்லை என்று தலைமையிடத்துக்குச் செய்தி அனுப்பினார். சில நிமிஷங்களில் பீரங்கிக் குண்டொன்று அருகிலிருந்த வெடிமருந்தின் மேல் விழுந்தது. அவருடைய வாழ்வு முடிந்தது. ஆனால் எதிரிகள் தடைப்பட்ட அந்தச் சில மணி நேரத்தில் உதவிப் படை வந்துவிட்டது. விமான நிலையம் தப்பியது.

இங்கே ஓர் ஆச்சரியம் கேளுங்கள். சாவித்திரி பாயின் மூத்த மகளை மணந்தவர் இந்தச் சோம்நாத் சர்மாவின் சகோதரர்! தாம் வரைந்த முதல் பதக்கம் தம் சம்பந்தி வீட்டுப் பிள்ளைக்கே உரியதாகும் என்று அந்த அம்மாள் கனவிலாவது நினைத்திருப்பாரா?

*

மற்ற தேசங்களில் இந்த வழக்கம் எப்படி?

நெடுங்காலம் வரை யுத்தகளத்துக் கௌரவமெல்லாம் பிரபுக்களுக்கும் தளபதிகளுக்குமே போய்க்கொண்டிருந்தது. குண்டடி பட்டவன் சிப்பாய்; பட்டயம் பெற்றவர் சீமான். 1813-இல் பிரஷ்ய மன்னர் நெப்போலியனுக்கு எதிராக எழுந்தபோது இதை மாற்றினார். அந்தஸ்து பாராமல் எவருக்கும் தரக்கூடிய இரும்புச் சிலுவையை ஏற்படுத்தினார். ஏன் இரும்பு? கஜானா காலி! அந்நாட்டுப் பெண்கள் கல்யாண மோதிரத்தைக்கூடக் கழற்றி யுத்த நிதிக்குக் கொடுத்தார்கள். பதிலுக்கு அவர்களுக்குக் கிடைத்தது இரும்பு மோதிரம். பொன்னைக் கொடுத்து இரும்பைப் பெற்றேன் என்ற பொருள்பட அதில் எழுதியிருந்தது. அந்த வருஷம் விருந்துகளில் தங்கம் அணிந்து வந்தவர்கள் வெட்கப்பட்டார்களாம். இரும்பு அணிந்தவர்கள் நிமிர்ந்து நடந்தார்களாம்!

இங்கிலாந்தில் விக்டோரியா மகாராணி 1856-இல் தம் பெயரால் ஒரு வெண்கலச் சிலுவையை ஏற்படுத்தினார். அதில் 'வீரர்களுக்கு' என்று பொறிக்கலாம் என மந்திரிகள் யோசனை சொன்னார்கள். ராணி ஒப்பவில்லை. "அப்படிப் போட்டால் இதைப் பெறாதவர்கள் வீரர்கள் அல்ல என்று ஆகிவிடுமே!" என்ற பொருளில் ஆட்சேபித்து, 'வீரத்துக்கு' என்று திருத்தினார். ஒரு விகுதியில்தான் எவ்வளவு பெரிய நியாயம் அடங்கியிருக்கிறது பாருங்கள்!

ஆனால் அதே ராணியின் சிலுவை, இந்தியச் சிப்பாய்க்கு 55 ஆண்டுகள் மறுக்கப்பட்டது. 1911-இல்தான் கதவு திறந்தது. 1914 அக்டோபரில் பெல்ஜியத்தில், தன்னுடன் யந்திரத் துப்பாக்கியை இயக்கிய அத்தனை பேரும் மாண்ட பிறகும் சுட்டுக்கொண்டே இருந்து, இறந்தவன் என்று எதிரிகள் விட்டுச் சென்றபின் ஊர்ந்து வந்து சேர்ந்த குதாதாத் கான்தான் அதைப் பெற்ற முதல் இந்தியச் சிப்பாய்.

அமெரிக்காவின் கதை இன்னும் சுவாரஸ்யமானது. அங்கே மிக உயர்ந்த ராணுவ விருதைப் பெற்ற ஒரே பெண்மணி டாக்டர் மேரி வாக்கர். உள்நாட்டுப் போரில் காயம்பட்டவர்களுக்குச் சிகிச்சை செய்தவர். எதிரிகளிடம் பிடிபட்டுச் சிறையிலும் இருந்தவர். 1865-இல் பதக்கம் கிடைத்தது. 1917-இல் விதிகளைக் கடுமையாக்கி, பட்டியலிலிருந்து 911 பெயர்களை அடித்தார்கள். அதில் டாக்டர் வாக்கரின் பெயரும் ஒன்று. அந்த அம்மாள் என்ன செய்தார் தெரியுமா? பதக்கத்தைத் திருப்பித் தர மறுத்தார். 1919-இல் கண்ணை மூடும் வரையில் அதைக் குத்திக்கொண்டே நடமாடினார்! சர்க்காருக்குப் புத்தி தெளிய அதன்பின் 58 ஆண்டுகள் ஆயின. 1977-இல் அவர் பெயரை மறுபடி சேர்த்தார்கள்.

இதெல்லாம் தோன்றுவதற்கு வெகு காலம் முன்பே நம் தமிழ்நாட்டில் ஒரு வழக்கம் இருந்தது. ஆநிரையை மீட்கப் போய் மாண்டவனுக்கு ஊரார் கல் நட்டார்கள். திருவண்ணாமலைக்கு அருகே செங்கம் பக்கத்தில் இத்தகைய நடுகற்கள் ஏராளம். எடுத்தனூர் என்ற ஊரில் உள்ள கல், மகேந்திரவர்ம பல்லவன் காலத்தது. மாண்ட வீரனோடு அவனுடைய நாயும் அதில் செதுக்கப்பட்டிருக்கிறது. அந்த நாயின் பெயர் கோவிவன் என்றும், அது கள்ளர் இருவரைக் கடித்துக் காவல் நின்றது என்றும் எழுத்துப் பொறித்திருக்கிறார்கள். ஏறக்குறைய ஆயிரத்து நானூறு ஆண்டுகளுக்குப் பிறகும் ஒரு நாயின் பெயர் நமக்குத் தெரிகிறது. கல் நட்டவர்கள் செய்நன்றி மறவாதவர்கள்!

*

சகோதரிகளே, இனிச் சொல்லப் போவது கொஞ்சம் மனத்தை வருத்தும்.

பரம வீர் சக்கரம் பெற்ற 21 பேரில் 14 பேர் அதைக் கண்ணால் பார்க்கவில்லை. அப்படியானால் ஜனாதிபதியின் கையிலிருந்து வாங்கியவர்கள் யார்? மனைவிமார், பெற்றோர்கள். 1965 யுத்தத்தில் ஜீப் வண்டியில் பொருத்திய பீரங்கியால் எதிரியின் டாங்கிகளை வரிசையாக நொறுக்கி மாண்ட அப்துல் ஹமீது, காஜிப்பூர் ஜில்லாவில் ஒரு தையற்காரரின் மகன். 1966 குடியரசு தினத்தன்று ஜனாதிபதி ராதாகிருஷ்ணன் முன்னால் வந்து நின்றவர் அவருடைய மனைவி. கிராமத்தை விட்டு அதிகம் வெளியேறாத அந்தப் பெண், தேசம் முழுவதும் பார்க்கக் கையை நீட்டினார். கை நிறைய வெண்கலம். வீடு நிறைய வெறுமை.

2015 குடியரசு தினத்தில் இதே போன்ற காட்சியை நீங்களே தொலைக்காட்சியில் பார்த்திருப்பீர்கள். அது அசோக சக்கரம். காஷ்மீரில் 2014 ஏப்ரல் 25-ந் தேதி பயங்கரவாதிகளோடு போரிட்டு மாண்ட சென்னை மேஜர் முகுந்த் வரதராஜனுக்கு உரியது. அவருடைய மனைவி வந்தார், நிமிர்ந்து நின்றார், வாங்கிக்கொண்டார், திரும்பி நடந்தார். அந்த நடையைப் பார்த்துக்கொண்டிருந்த எத்தனை வீடுகளில் கையிலிருந்த காப்பி ஆறிப் போயிற்றோ!

எல்லாக் கதைகளும் துயரத்தில் முடிவதில்லை. 1962 அக்டோபரில் லடாக்கில் பாங்காங் ஏரிக் கரையில் சீனப் படையை எதிர்த்த மேஜர் தன் சிங் தாபா மாண்டுவிட்டார் என்று கருதி, அவருக்கு பரம வீர் சக்கரம் அறிவித்தார்கள். வீட்டில் ஈமக் கிரியைகள் நடந்தன. மனைவி விதவைக் கோலம் பூண்டார். பிற்பாடு தெரிந்தது, அவர் சீனர்களிடம் கைதியாக உயிரோடு இருக்கிறார் என்று! 1963-இல் அவர் திரும்பி வந்தபோது, சாஸ்திரப்படி மறுபடியும் கல்யாணம் செய்துகொள்ள வேண்டியிருந்தது. அழித்த குங்குமத்தை அதே கணவன் கையால் மறுபடி இட்டுக்கொண்ட பாக்கியசாலி உலகத்தில் எத்தனை பேர் இருப்பார்கள்?

பட்டியலில் ஒரு தமிழ்ப் பெயரும் உண்டு: மேஜர் ராமசாமி பரமேஸ்வரன். பம்பாயில் பிறந்து, சென்னை ராணுவ அதிகாரிகள் பயிற்சி நிலையத்தில் தேறியவர். அமைதிப்படையோடு இலங்கைக்குப் போனார். 1987 நவம்பர் 25-ந் தேதி இரவு, யாழ்ப்பாணத்துக் கந்தரோடைக்கு அருகே அவருடைய குழுவின் மீது பதுங்கியிருந்தவர்கள் பாய்ந்தார்கள். மார்பில் குண்டு பாய்ந்த பிறகும், சுட்டவனின் துப்பாக்கியையே பறித்துத் திருப்பிச் சுட்டார்; மூச்சு நிற்கும் வரையில் தம் ஆட்களுக்குக் கட்டளையிட்டுக்கொண்டிருந்தார். அவர் வீட்டில் பேசியது தமிழ். எதிரே நின்றவர்கள் பேசியதும் தமிழ். அந்தப் போரில் அகப்பட்டுக்கொண்ட யாழ்ப்பாணத்து ஜனங்கள் பட்ட பாடும் கொஞ்சமல்ல. இரண்டு பக்கமும் தாய்மார்கள் ஒரே மொழியில் ஒப்பாரி வைத்தார்கள். வீரத்தைப் போற்றும்போது இதையும் நாம் மறந்துவிடக் கூடாது.

*

வீரத்துக்கு மிகச் சிறந்த சான்றிதழை யார் தரமுடியும் என்று கேட்டால், எதிரிதான் என்பேன்.

1999 கார்கில் யுத்தத்தில் புலிக்குன்றில் பாகிஸ்தான் காப்டன் கர்னல் ஷேர் கான் கடைசி வரையில் போரிட்டு மாண்டார். அவருடைய உடலைத் திருப்பி அனுப்பும்போது, இந்தியப் படையின் பிரிகேடியர் பாஜ்வா ஒரு சீட்டு எழுதிச் சட்டைப் பையில் வைத்தார். இவர் மிகத் தீரமாகப் போரிட்டார், உரிய கௌரவம் தரப்பட வேண்டும் என்பது அதன் சாரம். பாகிஸ்தான் தன் மிக உயர்ந்த விருதான நிஷான்-ஏ-ஹைதரை அவருக்கு அளித்தது. பகைவன் எழுதிய சிபாரிசு!

இன்னொன்று. 1971 டிசம்பர் 16-ந் தேதி, எரியும் டாங்கியை விட்டு இறங்கும்படி உத்தரவு வந்தும், "என் பீரங்கி இன்னும் வேலை செய்கிறது" என்று மறுத்துப் போரிட்டு மாண்டார் அருண் கேதர்பால். வயது 21. பரம வீர் சக்கரம் கிடைத்தது. முப்பது வருஷங்களுக்குப் பின் 2001-இல், அவருடைய முதிய தகப்பனார் தாம் பிறந்த மண்ணைப் பார்க்கப் பாகிஸ்தான் போனார். லாகூரில் நாசர் என்ற ஓய்வுபெற்ற பிரிகேடியர் தம் வீட்டில் வைத்து உபசரித்தார். விடைபெறும் காலத்தில்தான் வாய் திறந்தார்: உங்கள் மகனைக் கொன்ற டாங்கி என்னுடையது; அவனுடைய வீரத்துக்கு நான் தலை வணங்குகிறேன்!

அந்தத் தகப்பனாருக்கு எப்படி இருந்திருக்கும்? மூன்று நாள் அவர் உண்ட சோறு, மகனைக் கொன்றவர் இட்ட சோறு. ஆனால் அவரும் ஒரு சிப்பாய். இருவரும் சண்டையிட்டுக்கொள்ளவில்லை. பதக்கம் சொல்லாத எதையோ ஒருவருக்கொருவர் சொல்லிக்கொண்டு பிரிந்தார்கள்.

*

டில்லியில் 2019-இல் திறக்கப்பட்ட தேசியப் போர் நினைவகத்தில் 21 பேருக்கும் சிலைகள் இருக்கின்றன. 2023-இல் அந்தமான் தீவுக்கூட்டத்தில் 21 தீவுகளுக்கு அவர்களுடைய பெயரைச் சூட்டினார்கள். எல்லாம் நல்ல காரியமே. ஆனால் கல்லும் தீவும் அடுத்த மாதத்து வாடகையைக் கட்டா. குழந்தையின் கணக்குப் பாடத்தைச் சொல்லித் தரா. கை தட்டிய பிறகு தேசம் தன் வேலையைப் பார்க்கப் போய்விடுகிறது. பதக்கத்தை வாங்கிக்கொண்டு போன பெண் மறுநாள் காலையில் எழுந்து அடுப்பை மூட்டுகிறாளே, அந்தத் தைரியத்துக்கு எந்தத் தேசமும் இன்னும் சக்கரம் அடிக்கவில்லை. உங்கள் தெருவில் அப்படி ஒரு வீடு இருக்கலாம். குடியரசு தினத்தன்று மட்டும் அல்லாமல், ஒரு சாதாரண செவ்வாய்க்கிழமையிலும் அந்தக் கதவைத் தட்டி, "எப்படி இருக்கிறீர்கள்?" என்று கேட்டால் என்ன?

சுபேதார் தாத்தாவின் கோபத்தைச் சொல்லி முடிக்கிறேன். அவருடைய பதக்கங்கள் வீர விருதுகள் அல்ல. 1965-லும் 1971-லும் யுத்தத்துக்குப் போனவர்களுக்கெல்லாம் கொடுத்த நட்சத்திரங்கள். நான் கல்லூரியில் படித்தபோது ஒருநாள் துணிந்து கேட்டேன். "தேய்த்தால் பளபளப்பு வருமே தாத்தா, அதில் என்ன தப்பு?"

தாத்தா சிறிது நேரம் பேசவில்லை. பிறகு சொன்னார்: "எனக்கு வலது பக்கத்திலே ஒருத்தன் நின்னான், தம்பி. அவன் திரும்பி வரலே. அவன் பேரு எந்தப் பட்டியல்லேயும் பெரிசா இல்லே. இந்தப் பச்சையைப் பார்க்கிறப்போ எத்தனை வருஷம் ஆச்சுன்னு எனக்குத் தெரியும். தேய்ச்சுப் பளபளன்னு ஆக்கிட்டா, நேத்து வாங்கினாப்போல ஆயிடுது. அவன் நேத்துச் செத்தாப்போலவும் ஆயிடுது."

உள்ளேயிருந்து பாட்டி இதைக் கேட்டுக்கொண்டிருந்தார் போலிருக்கிறது. அதன்பின் எந்த சரஸ்வதி பூஜைக்கும் ஹார்லிக்ஸ் புட்டியின் பக்கம் அவர் கை போகவில்லை. ஆனால் பூஜையன்று புத்தகங்களுக்குப் பக்கத்தில் அந்தப் புட்டியையும் வைத்து, அதன்மேல் ஒரு சாமந்திப் பூவை வைக்க மட்டும் மறந்ததில்லை.